சிங்கப்பூரிலிருந்து வந்த போன்

கடலூர் தேவனாம்பட்டினத்திலிருந்து ஒரு வாசகி கேட்கிறார்: “பையன் எந்நேரமும் போனும் கையுமாகவே இருக்கிறான். பக்கத்து வீட்டில்கூடப் பேச்சில்லை. நெட் வந்து உறவெல்லாம் அறுந்துபோச்சா?”

பக்கத்து வீட்டு அக்காவுக்குத் தெரிந்தது பெரும்பாலும் நமக்கும் தெரியும். ஒரே தெரு, ஒரே மீன் ஏலம், ஒரே திருவிழா. புதுச் சேதி எப்போதோ பேசும் தூரத்து ஆளிடமிருந்துதான் வரும். சமூகவியலாளர் மார்க் கிரானவெட்டர் 1973இல் எழுதியது இதைத்தான்.

1998இல் ஆய்வாளர்கள் டங்கன் வாட்ஸும் ஸ்டீவன் ஸ்ட்ரோகாட்ஸும் இதைக் கணக்காகவே போட்டுக் காட்டினார்கள். எனக்கு மிகவும் பிடித்த கணக்கு. 1000 பேரை வட்டமாக நிறுத்துங்கள். ஒவ்வொருவருக்கும் இடப்பக்கம் 5 பேர், வலப்பக்கம் 5 பேர் மட்டுமே பழக்கம். எதிர்ப்புறம் நிற்பவருக்கு ஒரு சேதி போக 100 கை மாற வேண்டும். யாரிலிருந்து யாருக்கு என்றாலும் சராசரி 50. இப்போது நூறு தொடர்புகளில் ஒன்றை மட்டும் அவிழ்த்து, எங்கோ நிற்கும் ஒருவரோடு முடிந்துவிடுங்கள். அந்த 50 மளமளவென்று சரியும்! அந்தக் குறுக்கு வழி இரண்டு பேருக்கு மட்டும் சொந்தமில்லையே. இரு முனையிலும் உள்ள அக்கம்பக்கத்தார் அத்தனை பேரும் அதில் போகலாம். மீதி 99 தொடர்புகள் அப்படியே இருப்பதால் தெருவின் நெருக்கமும் குலைவதில்லை.

நம் கரையிலேயே இது நடந்தது. 2004 டிசம்பர் 26, காலை 6.29க்குச் சுமத்ரா அருகே நிலநடுக்கம். அலை இங்கே வர இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஆனது. புதுச்சேரி நல்லவாட்டைச் சேர்ந்த ஓர் இளைஞர், வேலை பார்த்த சிங்கப்பூரில் செய்தியறிந்து வீட்டுக்குப் போன் செய்தார். எம்.எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனம் அமைத்த அறிவு மையத்தின் (ஊருக்குத் தகவல் சொல்லும் இடம்) ஒலிபெருக்கியில் ஊர்க்காரர்கள் கூவினார்கள். வீடுகளும் படகுகளும் போயின. 3,600க்கும் மேற்பட்டோர் பிழைத்தார்கள்.

நீள நூல், அதாவது தூரத்துத் தொடர்பு, சிங்கப்பூரிலிருந்து வந்தது. ஆனால் ஊரை ஓடவைத்தது தெரிந்த குரல். அதே அறிவு மையத் திட்டத்தில் இருந்த வீராம்பட்டினத்தில், அமெரிக்கக் கடற்படை இணையதளத்தில் அலை உயரம் பார்த்து ஒலிபெருக்கியில் சொல்வது அப்போது வழக்கம். நம்பிக்கை அப்படித்தான் சேர்ந்தது. 2007இல் ஹைதராபாத்தில் சுனாமி எச்சரிக்கை மையம் அமைந்தது நியாயமான செலவு. ஊர் யாருடைய குரலை நம்புகிறது என்று ஆராயவும், மைக் பிடிப்பவருக்குச் சம்பளம் கொடுக்கவும் அதே அக்கறையோடு பணம் ஒதுக்க வேண்டும் என்பேன்.

அம்மா, பையனின் கையில் இருப்பது நீள நூல். அதைப் பிடுங்க வேண்டாம். இந்த ஞாயிற்றுக்கிழமை அவனையும் கூட்டிக்கொண்டு பக்கத்து வீட்டுக்குப் போய்விட்டு வாருங்கள்.