போட்டோவை அழிப்பதற்கு முன்னால் கேமைப் பாருங்கள்

“தம்பி, போன்ல இருந்ததையெல்லாம் அழிச்சிட்டேன். இன்னும் இடமில்லைன்னே சொல்லுது.” அறுபதைத் தாண்டிய ஓர் அம்மா இப்படிச் சொல்லிக்கொண்டே போனை என் மேஜைமேல் வைத்தார். போன் பழுதுபார்ப்பது என் தொழில். இந்தப் புகார் எனக்குப் புதிதல்ல. ஆனாலும் அன்றைக்குப் பார்த்தது இன்றுவரை மனதை உறுத்துகிறது.

64 ஜிபி போன். மீதம் 300 எம்பிகூட இல்லை. கேலரியைத் திறந்தேன். நான்கு வருடமாகக் கையிலிருக்கும் போனில் நாற்பது படங்கள்கூடத் தேறவில்லை. ‘ஸ்டோரேஜ் நிரம்பிவிட்டது’ என்ற எச்சரிக்கை வரும்போதெல்லாம் அவருக்குத் தெரிந்த ஒரே வழி படங்களை அழிப்பதுதான். அதோடு வாட்ஸ்அப்பில் நுழைந்து வாய்ஸ் மெசேஜ்களையும் அழித்திருக்கிறார். காலமான கணவர் அனுப்பியவையும் அதில் இருந்தன என்பது அப்புறம்தான் உறைத்திருக்கிறது.

செட்டிங்ஸில் ஸ்டோரேஜ் பகுதிக்குப் போனேன். ‘கேம்ஸ்’ என்ற வரிக்கு நேராக 19 ஜிபி. பதினொரு கேம்கள். விடுமுறைக்கு வந்த பேரன் ஏற்றியவை. அவற்றில் ஒன்றைக்கூட அந்த அம்மா தொட்டதில்லை. “கேமெல்லாம் நான் அப்பவே எடுத்துட்டேனே” என்றார். எடுத்திருந்தார், உண்மைதான். முகப்புத் திரையிலிருந்து மட்டும்.

இந்த ஓர் இடத்தில்தான் பெரும்பாலானவர்கள் ஏமாந்துபோகிறார்கள். ஆண்ட்ராய்டு போன்களில் ஐகானை அழுத்திப் பிடித்து மேலே இழுத்தால் பல மாடல்களில் இரண்டு வார்த்தைகள் தெரியும். ஒன்று ‘அகற்று’, இன்னொன்று ‘நிறுவல் நீக்கு’, அதாவது அன்இன்ஸ்டால். முதலாவதில் விட்டால் ஐகான் மட்டும் கண்ணிலிருந்து மறையும், கேம் அப்படியே உள்ளே இருக்கும். ஐபோனிலும் இதே கதைதான். ஐகானை அழுத்திப் பிடித்து ஆப்பை நீக்கப் போனால், ‘டெலீட் ஆப்’ என்பதோடு முகப்புத் திரையிலிருந்து மட்டும் எடுக்கும் வழியும் வரும். 2020இல் வந்த ஐஓஎஸ் 14 என்ற ஐபோன் இயங்குதளத்திலிருந்து இப்படி. இரண்டாவதைத் தொட்டால் கேம், எல்லா ஆப்களும் அடுக்கப்பட்டிருக்கும் ‘ஆப் லைப்ரரி’க்குள் உட்கார்ந்துகொள்ளும், ஒரு எம்பிகூட மிச்சமாகாது.

அந்த அம்மா அழித்த படங்களாவது இடத்தைக் கொடுத்தனவா என்றால் அதுவும் உடனே நடக்கவில்லை. இன்றைய கேலரிகளில் அழித்த படம் நேராகப் போய்விடாது; குப்பைத் தொட்டி ஒன்றில் பெரும்பாலும் 30 நாள் காத்திருக்கும். ஐபோனிலும் ‘சமீபத்தில் அழித்தவை’ என்ற ஆல்பத்தில் அப்படித்தான் கிடக்கும். அங்கே கிடக்கும் வரை இடத்தையும் பிடித்துக்கொண்டிருக்கும். அழித்தும் இடம் வராததால் இன்னும் இன்னும் அழித்துக்கொண்டே போயிருக்கிறார். தொட்டியில் எஞ்சியிருந்த கொஞ்சம் படங்களை மீட்டுக் கொடுத்தேன். வாய்ஸ் மெசேஜ்களுக்குப் பேக்கப் எதுவும் இல்லை. அவற்றை என்னால் கொண்டுவர முடியவில்லை.

இதனால்தான் ஒரு வரிசையைக் கெஞ்சாத குறையாக எல்லோரிடமும் சொல்கிறேன். ஸ்டோரேஜ் நிறைந்தால் முதலில் கேம்கள், அடுத்து பயன்படுத்தாத மற்ற ஆப்கள், அடுத்து ஃபார்வர்டாக வந்து குவிந்த வீடியோக்கள். உங்கள் சொந்தப் படங்களும் குரல்களும் எல்லாவற்றுக்கும் கடைசி, அதுவும் வேறோர் இடத்தில் நகல் வைத்த பிறகு. கேமை இன்று நீக்கி நாளை வேண்டுமென்றால் சில நிமிடங்களில் திரும்ப ஏற்றிக்கொள்ளலாம். அதன் பிரதி பெரும்பாலும் பிளே ஸ்டோரிலோ ஆப் ஸ்டோரிலோ இருக்கிறது. உங்கள் படத்துக்கு அப்படி ஒரு பிரதி எங்கும் இல்லை.

சரி, ஒரு கேம் இவ்வளவு இடத்தை எப்படித்தான் தின்கிறது? நோக்கியா 6110 போனில் 1997இல் வந்த பாம்பு விளையாட்டை நம்மில் பலர் ஆடியிருப்போம். அது போனோடு வந்த சின்ன நிரல், அதற்கு மேல் வளராது. இன்றைய கேம் அப்படியில்லை. ஸ்டோரில் பார்க்கும்போது சில நூறு எம்பி என்று காட்டும். ஏற்றி முதல் முறை திறந்தவுடன் ‘ரிசோர்ஸ் பதிவிறக்கம்’ என்று ஒரு பட்டை ஓட ஆரம்பிக்கும். உண்மையான எடை அங்கேதான் வந்து சேர்கிறது. வரைபடங்கள், பாத்திரங்களின் உடைகள், குரல்கள், பல மொழி ஒலிகள் எல்லாம் அப்போதுதான் இறங்கும். பிளே ஸ்டோரில் பல ஆண்டுகள் ஒரு ஏபிகே கோப்புக்கு, அதாவது ஆப்பை நிறுவும் கோப்புக்கு, 100 எம்பிதான் வரம்பு. அதற்கு மேற்பட்டதை ஓபிபி என்ற விரிவாக்கக் கோப்புகளாகத் தருவார்கள்; ஒவ்வொன்றும் 2 ஜிபி வரை போகலாம், ஒரு கேமுக்கு இரண்டு கோப்பு. 2021 ஆகஸ்டிலிருந்து புதிய ஆப்களுக்கு அந்த முறை மாறிவிட்டது, ஆனால் பின்னால் தனியாக வந்து இறங்கும் பழக்கம் மாறவில்லை. அதன் பிறகு சீசனுக்கு ஒரு அப்டேட், பண்டிகைக்கு ஒரு அப்டேட். ஆடுகிறவர் ஆடாவிட்டாலும் அப்டேட்கள் வந்துகொண்டே இருக்கும்.

ஆண்ட்ராய்டு செட்டிங்ஸில் ‘ஆப்ஸ்’ போய் ஒரு கேமைத் தொட்டு, அதன் ‘ஸ்டோரேஜ்’ வரியைத் திறந்து பாருங்கள். மூன்று எண்கள் இருக்கும்: ஆப்பின் அளவு, பயனர் தரவு, கேஷ் (தற்காலிகமாகச் சேரும் கோப்புகள்). பெரும்பாலான பெரிய கேம்களில் நடுவிலிருக்கும் எண்தான் மற்ற இரண்டையும் விழுங்கிவிடும். ‘கிளியர் கேஷ்’ அழுத்தினால் மூன்றாவது எண் மட்டும் பூஜ்யமாகும், மறுபடி ஆடினால் மறுபடி சேரும். ‘கிளியர் டேட்டா’ என்பது வேறு. அதை அழுத்தினால் போனில் மட்டும் சேமிக்கப்பட்ட விளையாட்டு முன்னேற்றமும் சேர்ந்து போய்விடும். இரண்டும் பக்கத்துப் பக்கத்தில் இருக்கும் பொத்தான்கள், அவசரத்தில் தவறித் தொடுகிறவர்கள் நிறையப் பேர்.

போன் நிரம்பினால் என்ன ஆகிவிடப்போகிறது என்று கேட்பவர்களும் உண்டு. கேமரா படமெடுக்க மறுக்கும், வாட்ஸ்அப்பில் படமும் வீடியோவும் இறங்காது, பாதுகாப்பு அப்டேட் நிற்கும். அதற்கு மேலேயும் இருக்கிறது. போனுக்குள் இருப்பது ஃபிளாஷ் நினைவகம். அதில் ஏற்கெனவே எழுதிய இடத்தில் நேராக மேலெழுத முடியாது. ஒரு தொகுதியை முழுதாக அழித்துவிட்டுத்தான் புதிதாக எழுத வேண்டும். காலி இடம் இருந்தால் இந்த வேலை பின்னணியில் ஓசையில்லாமல் நடக்கும். இடமே இல்லாதபோது ஒவ்வொரு சின்ன எழுத்துக்கும் போன் திணறும். “தொட்டா ரெண்டு நொடி கழிச்சுத்தான் அசையுது” என்று கொண்டுவரும் போன்களில் பலவற்றுக்கு ராம் குறைவு காரணமாக இருக்காது, நிரம்பிய ஸ்டோரேஜ்தான் காரணமாக இருக்கும். முற்றிலும் நிரம்பிய போன் ஒரு முறை அணைத்துப் போட்டதும் லோகோவிலேயே நின்றுவிட்டதை நான் பல தடவை பார்த்திருக்கிறேன், ஐபோன்களில் குறிப்பாக. அந்த நிலைக்குப் போனால் சில நேரங்களில் எல்லாவற்றையும் அழித்துத்தான் உயிர்கொடுக்க முடியும். என் அனுபவத்தில் மொத்தத்தில் பத்தில் ஒரு பங்காவது எப்போதும் காலியாக இருப்பது நல்லது.

நீக்கும் வேலை எளிது. பிளே ஸ்டோரில் உங்கள் படத்தைத் தொட்டு, ஆப்களையும் சாதனத்தையும் நிர்வகிக்கும் பகுதிக்குப் போய், ‘மேனேஜ்’ என்ற தாவலைத் திறந்தால் முழுப் பட்டியலும் வரும். அதை அளவுப்படி வரிசைப்படுத்தலாம், குறைவாகப் பயன்படுத்தியவை முதலில் வரும்படியும் மாற்றலாம். வேண்டாதவற்றுக்கு டிக் போட்டு ஒரே தடவையில் நீக்கிவிடலாம், ஒவ்வொன்றாக ஐகானைத் தேடி அலைய வேண்டாம். ஐபோனில் செட்டிங்ஸ், ஜெனரல், ஐபோன் ஸ்டோரேஜ். அங்கே ஒவ்வொரு ஆப்புக்கும் கீழே கடைசியாக எப்போது பயன்படுத்தினீர்கள் என்ற தேதியும் இருக்கும். அந்தத் தேதியைப் பார்த்தாலே முடிவெடுக்கத் தயக்கம் வராது.

ஆண்ட்ராய்டு 10 முதல், சில ஆப்களை நீக்கும்போது ‘ஆப்பின் தரவை வைத்திருக்கவா’ என்று ஒரு சின்னக் கட்டம் வரும். அதில் டிக் போட்டால் ஆப் போகும், தரவு இருக்கும். இடத்துக்காக நீக்குகிறீர்கள் என்றால் அந்த டிக் கூடாது.

ஆனால் அழுத்துவதற்கு முன் இரண்டு விஷயங்களைப் பார்த்தாக வேண்டும். முதலாவதை நானே ஒரு தவறு செய்து கற்றேன். தொழிலுக்கு வந்த புதிதில், வேகமில்லை என்று கொண்டுவந்த ஒருவரின் போனில், கேட்காமலேயே நான்கு கேம்களை நீக்கிவிட்டேன். அவற்றில் ஒன்றில் அவருடைய மகள் இரண்டு வருடமாக ஒரு ஊரைக் கட்டி வைத்திருந்தாள். எந்தக் கணக்கையும் இணைக்காமல் ‘கெஸ்ட்’ ஆக ஆடியதால் அந்த ஊர் போனில் மட்டுமே இருந்தது. மறுநாள் அவள் அப்பாவோடு வந்து, அழாமல், “அங்கிள், திரும்ப வருமா?” என்று மட்டும் கேட்டாள். வரவில்லை. அன்றிலிருந்து கேட்காமல் எதையும் தொடுவதில்லை. கேமைத் திறந்து அதன் செட்டிங்ஸில் கணக்கு இணைக்கப்பட்டிருக்கிறதா என்று பாருங்கள். கூகுள் பிளே கேம்ஸ், ஆப்பிள் கேம் சென்டர், அல்லது கேம் நிறுவனத்தின் சொந்தக் கணக்கு, எதுவானாலும் சரி. ‘கெஸ்ட்’ என்றிருந்தால் முதலில் இணைத்துவிட்டு, முன்னேற்றம் கணக்கில் ஏறிவிட்டதா என்பதையும் உறுதிசெய்துகொண்டு, அப்புறம் நீக்குங்கள். பிள்ளைகளின் கேமாக இருந்தால் அவர்கள் பக்கத்தில் இருக்கும்போதே செய்யுங்கள்.

இரண்டாவது, சந்தா. கேமை நீக்கினால் சந்தா தானாக நின்றுவிடும் என்று பலர் நினைக்கிறார்கள். நிற்காது. கேம் போன பிறகும் மாதாமாதம் பணம் போய்க்கொண்டிருக்கும். பிளே ஸ்டோரில் பணம் செலுத்துதல், சந்தாக்கள் பகுதியிலும், ஐபோனில் செட்டிங்ஸின் உச்சியில் உங்கள் பெயரைத் தொட்டால் வரும் சப்ஸ்கிரிப்ஷன்ஸ் பகுதியிலும் போய்த் தனியாக ரத்துசெய்ய வேண்டும். ஆடாத கேமுக்குப் பல மாதம் கட்டியவர்களை நான் பார்த்திருக்கிறேன்.

நீக்க மனமில்லாதவர்களுக்கு நடுவழி ஒன்று உண்டு. ஐபோனில் 2017இல் வந்த ஐஓஎஸ் 11 முதல் ‘ஆஃப்லோட்’ இருக்கிறது: ஆப் போகும், அதன் தரவு இருக்கும், ஐகானைத் தொட்டால் மறுபடி இறங்கும். பிளே ஸ்டோரிலும் 2023 முதல் பயன்படுத்தாத ஆப்களை இதே போலத் தரவை விட்டுவைத்துத் தானாக ஆர்க்கைவ் செய்யும் வசதி உண்டு. ஓர் ஆப்பின் இடத்தில் 60 சதவீதம் வரை மிச்சமாகலாம் என்று கூகுள் சொல்கிறது. பெரிய கேம்களுக்கு நான் இதைப் பெரிதாகப் பரிந்துரைப்பதில்லை. தரவுதான் அங்கே மலை, அது இடத்தைவிட்டு நகராது. இப்போதும் ஆடுகிற பெரிய கேம் என்றால், அதன் உள்ளேயே ரிசோர்ஸ்களை நிர்வகிக்கும் பக்கம் இருக்கிறதா என்று பாருங்கள். ஆடாத வரைபடங்களையும் தேவையில்லாத மொழிக் குரல்களையும் அங்கிருந்தே நீக்கலாம்.

போனோடு வந்த கேம்களில் சிலவற்றுக்கு ‘நிறுவல் நீக்கு’ இருக்காது, ‘முடக்கு’தான் இருக்கும். அவை சிஸ்டம் பகுதியில் இருப்பவை. அப்டேட்களை மட்டும் நீக்கிவிட்டு முடக்கிவிடுங்கள். கொஞ்சம் இடம் வரும், மேலும் வளராது.

நீக்க விடாமல் அடம்பிடிக்கும் கேம் என்றால் கவனமாக இருங்கள். ஸ்டோருக்கு வெளியே யாரோ அனுப்பிய லிங்க்கிலிருந்து ஏற்றியவற்றில் இது அதிகம். ஐகானே இருக்காது, திரை முழுக்க விளம்பரம் வரும், அன்இன்ஸ்டால் பொத்தான் மங்கிக் கிடக்கும். சாதன நிர்வாகி அனுமதியை அது வாங்கி வைத்திருக்கலாம். செட்டிங்ஸில் பாதுகாப்புப் பகுதியில் ‘டிவைஸ் அட்மின் ஆப்ஸ்’ என்று தேடி, அதை அணைத்துவிட்டு, பிறகு நீக்குங்கள். அதற்கும் இடம் கொடுக்காமல் விளம்பரம் குறுக்கே வந்தால், பவர் மெனுவில் ‘பவர் ஆஃப்’ என்பதை அழுத்திப் பிடியுங்கள். பல போன்களில் சேஃப் மோடு கேட்கும். அதில் நாம் ஏற்றிய ஆப்கள் ஓடாது, நிதானமாக நீக்கலாம். ‘போனைச் சுத்தம் செய்கிறேன்’ என்று வரும் கிளீனர் ஆப்கள் எதற்கும் வேண்டாம், செட்டிங்ஸே போதும்.

கேமை நீக்கிய பிறகு ‘டவுன்லோட்ஸ்’ ஃபோல்டரையும் ஒரு தடவை பாருங்கள். கையால் ஏற்றிய ஏபிகே கோப்புகள் அங்கேயே கிடக்கும். ஆட்டத்தைப் பதிவுசெய்யும் பழக்கமுள்ள பிள்ளைகள் வீட்டில் இருந்தால் ஸ்கிரீன் ரெக்கார்டிங் ஃபோல்டரையும் பாருங்கள், பத்து நிமிடப் பதிவே ஒரு ஜிபியை நெருங்கும். இவை கேமோடு சேர்ந்து போவதில்லை.

அந்த அம்மாவின் போனில் பதினொன்றில் பத்தை நீக்கினோம். பேரனுக்கு அங்கிருந்தே போன் போட்டார். எது வேண்டும் என்று கேட்டதற்கு அவன் ஒன்றே ஒன்றின் பெயரைச் சொன்னான். மற்றவை இருப்பதே அவனுக்கு நினைவில்லை. முதல் வேலையாக எஞ்சிய படங்களுக்கும் மீட்டவற்றுக்கும் அவருடைய கணக்கில் பேக்கப் போட்டுக் கொடுத்தேன். அடுத்த முறை புதுப் போன் வாங்கிப் பழையதிலிருந்து மாற்றும்போது, எந்தெந்த ஆப் வேண்டும் என்று கேட்கும் பட்டியலில் கேம்களின் டிக்கை எடுத்துவிடச் சொல்லி, அவர் நீட்டிய சின்ன நோட்டில் எழுதியும் கொடுத்திருக்கிறேன்.