வேலை இருக்கிறது, பேர் ஏறவில்லை: மதுரையில் வெளிமாநிலத் தொழிலாளர் குடும்பங்கள்

கப்பலூர் சிட்கோ தொழிற்பேட்டையிலோ வாடிப்பட்டி பக்கத்து மில்லிலோ வெளிமாநிலத்துக்காரருக்கு வேலை கிடைப்பது பெரிய காரியமில்லை. பெரும்பாலும் ரயிலேறும் முன்பே ஊர்க்கார மேஸ்திரி இடம் பார்த்து வைத்திருப்பார். தொல்லை அதற்குப் பிறகுதான். வருஷக்கணக்கில் உழைத்தும் பி.எஃப். என்ற வருங்கால வைப்பு நிதிப் பணத்தை எடுக்க முடியாதவர், இ.எஸ்.ஐ. என்ற தொழிலாளர் காப்பீட்டுக்குப் பிடித்தம் போயும் தனியார் ஆஸ்பத்திரியில் கைப்பணம் கட்டுபவர், ஊரில் ரேஷன் அட்டை இருந்தும் இங்கே கடையில் முழு விலைக்கு அரிசி வாங்கும் குடும்பம். காரணத்தைத் தேடிக்கொண்டே போனால் பல நேரம் ஒரே இடத்தில்தான் வந்து நிற்கும்: ஆதாரோடு இணைத்த மொபைல் எண் இப்போது அவர் கையில் இல்லை.

ஒடிசாவிலோ பீகாரிலோ வாங்கிய சிம் இங்கே வந்ததும் ஓரமாகப் போய்விடுகிறது. மூன்று மாதம் பயன்பாடே இல்லையென்றால் நிறுவனம் அந்த எண்ணைத் துண்டித்து, பின்னால் வேறொருவருக்குக் கொடுத்துவிடும். அதன்பிறகு ஓடிபி யாருக்கோ போகும். ஆகவே வேலைக்கு வைப்பவர்களே, ஆள் சேர்ந்த முதல் வாரத்திலேயே அவரை ஆதார் மையத்துக்கு அனுப்பி வையுங்கள். எண்ணை மாற்ற விரல்ரேகை போதும், ஆவணம் எதுவும் கேட்கமாட்டார்கள். போகிற அரை நாளுக்குச் சம்பளம் பிடிக்காதீர்கள். பிடித்தால் யாரும் போகமாட்டார்கள். முகவரியை மதுரைக்கு மாற்ற அவசரமில்லை. வங்கிக் கணக்குக்கும் பி.எஃப்.புக்கும் ஊர் முகவரியே போதும்.

அடுத்தது பெயர். இதில் தப்பு பெரும்பாலும் நம் பக்கம்தான். ஆதாரில் 'ரஞ்சித் சாஹு', அப்பா பெயர் 'பிகாஷ் சாஹு' என்று இருப்பதாக வைத்துக்கொள்வோம். நம்மூர் அலுவலகத்தில் எழுதுபவர் கை தானாக 'பி. ரஞ்சித்' என்று போட்டுவிடும். நமக்கு இனிஷியல் இல்லாமல் ஒரு பெயர் முழுசாகத் தெரியாது. அந்தப் பெயரில் பி.எஃப். கணக்கு திறந்துவிட்டால் ஆதாரோடு பொருந்தாது, கேஒய்சி என்ற அடையாளச் சரிபார்ப்பு நிற்கும், பணம் உள்ளேயே கிடக்கும். 'முகமது' என்பது ஒரு சான்றில் 'எம்டி' என்று சுருங்கியிருப்பதும், பிறந்த தேதி வெவ்வேறு ஆவணங்களில் வெவ்வேறாக இருப்பதும் இதே வகை. சேர்க்கைப் படிவத்தை வாய்வழியாகக் கேட்டு நிரப்பவேண்டாம். ஆதாரைப் பக்கத்தில் வைத்து, ஆங்கில எழுத்தை ஒவ்வொன்றாகப் பார்த்து எழுதுங்கள். 'ஏற்கெனவே யுஏஎன் (பி.எஃப். உறுப்பினருக்கான நிரந்தர எண்) இருக்கிறதா' என்று கேட்பதும் அப்போதே நடக்கவேண்டும். சத் பூஜைக்கோ துர்கா பூஜைக்கோ ஊர் போய்த் திரும்பி வேறு கம்பெனியில் சேரும்போது புது எண் வாங்கிவிடுகிறார்கள். பணம் இரண்டு மூன்று எண்களில் சிதறிக் கிடக்கும். பழைய கம்பெனி விலகல் தேதியைப் போடாவிட்டால், கடைசிப் பிடித்தம் முடிந்து இரண்டு மாதம் கழித்துத் தொழிலாளியே இணையத்தில் அதைப் பதியலாம். அதற்கும் அந்த மொபைல் எண்தான் வேண்டும்.

இ.எஸ்.ஐ. பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்லவேண்டும், ஏனென்றால் பிடித்தம் போகிற பலருக்கு அது எதற்கென்றே தெரிவதில்லை. மாதச் சம்பளம் 21,000 ரூபாய் வரை இருப்பவர் வரம்புக்குள் வருவார். அவர் பங்கு 0.75 சதவீதம், முதலாளி பங்கு 3.25. மருத்துவம் சேர்ந்த நாளிலிருந்தே, மனைவி பிள்ளைகளுக்கும் சேர்த்துத்தான். மதுரையில் தத்தனேரி இ.எஸ்.ஐ. மருத்துவமனை இருக்கிறது. குடும்பம் ஊரிலேயே இருந்தால் பதிவின்போது அந்த ஊரைக் குறிப்பிடவேண்டும். அவர்கள் அங்குள்ள இ.எஸ்.ஐ. மருந்தகத்தில் பார்த்துக்கொள்ளலாம். 'குடும்பம் இங்கே இல்லையே' என்று அந்தப் பகுதியைக் காலியாக விட்டுவிடுவது வழக்கமான தவறு.

நோய்க்கால உதவித்தொகைக்குத்தான் நாள் கணக்கு. ஏப்ரல் முதல் செப்டம்பர் வரை ஒரு பருவம், அக்டோபர் முதல் மார்ச் வரை இன்னொன்று. ஒரு பருவத்தில் 78 நாளுக்குப் பிடித்தம் கட்டியிருக்கவேண்டும். மாதம் 26 வேலைநாள் என்றால் ஆறு மாதத்துக்கு 156, அதில் சரிபாதி. ஊருக்குப் போய் நாற்பது நாள் தங்கிவிட்டு வந்தாலும் இது எட்டிவிடும். கணக்கு உதைப்பது வேறொரு காரணத்தால்: 26 நாள் வேலை வாங்கிவிட்டுப் பதினைந்து நாள்தான் வேலை என்று காட்டும் ஒப்பந்ததாரர்கள் இருக்கிறார்கள். ஆறு மாதம் விடாமல் உழைத்தவருக்கு 90 நாள்தான் பதிவாகும். நடுவே ஒரு மாதம் ஊர் போனால் 75, எல்லாம் போச்சு. வேலையிடத்து விபத்துக்கு இந்த நாள் கணக்கு கிடையாது. முதல் நாள் அடிபட்டாலும் உரிமை உண்டு. ஆனால் அடிபட்ட பிறகு அவசர அவசரமாகப் பெயரைப் பதியும் பழக்கம் சிலரிடம் இருக்கிறது, அது விசாரணையில் பிசிறில்லாமல் தெரிந்துவிடும்.

கட்டட வேலைக்காரருக்கு நல வாரியம் உண்டு. 18 முதல் 60 வயதுக்குள், முந்தைய 12 மாதத்தில் 90 நாள் கட்டட வேலை செய்தவர் எந்த மாநிலத்தவரானாலும் சேரலாம். பி.எஃப்., இ.எஸ்.ஐ. இரண்டும் இல்லாத மற்றவர்கள் அமைப்புசாராத் தொழிலாளருக்கான இ-ஷ்ரம் இணையதளத்தில் பதியவேண்டும்.

சம்பளம் வங்கியில் போகிறது என்றதும் எல்லாம் சரி என்று நினைக்கவேண்டாம். ஏடிஎம் அட்டை மேஸ்திரி பையில் இருக்கிறதா என்று பாருங்கள். ஊரில் வாங்கிய முன்பணத்துக்கு ஈடாக அட்டையையும் ஆதாரையும் வாங்கி வைத்துக்கொள்வது இன்னும் நடக்கிறது. கடனுக்காக ஆளைப் போகவிடாமல் வேலை வாங்குவது 1976ஆம் ஆண்டின் கொத்தடிமை ஒழிப்புச் சட்டப்படி குற்றம். செங்கல் சூளைக்கு மட்டும் உரிய சட்டம் என்று பலர் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்த தொழிலாளர் சட்டத் தொகுப்புகளின்படி நியமனக் கடிதம் கட்டாயம். மாதச் சம்பளம் அடுத்த மாதம் 7ஆம் தேதிக்குள் போகவேண்டும். விலகினாலோ விலக்கினாலோ பாக்கியை இரண்டு வேலைநாளில் தீர்க்கவேண்டும். ஊருக்குக் கிளம்புகிறவரிடம் 'திரும்பி வா, தருகிறேன்' என்று ஒரு மாதச் சம்பளத்தை நிறுத்திவைக்க இதில் இடமே இல்லை.

ரேஷனைப் பொறுத்தவரை, 2020 அக்டோபரிலிருந்தே 'ஒரே நாடு ஒரே ரேஷன்' தமிழ்நாட்டில் இருக்கிறது. மற்ற மாநிலத்தில் முன்னுரிமை அட்டை வைத்திருப்பவர் தலைக்கு ஐந்து கிலோ தானியத்தை மதுரைக் கடையிலேயே இலவசமாக வாங்கலாம். அட்டை எண்ணோ ஆதார் எண்ணோ போதும். இங்கே இருப்பவர் பங்கை மட்டும் இங்கே வாங்கிக்கொண்டு மீதியை ஊரில் இருப்பவர்களுக்கு விடவும் முடியும். நம் அட்டைக்குக் கிடைக்கும் சீனி, பருப்பு, பாமாயில் இதில் வராது. தடங்கல் மிஷினில் வரும்: சிமென்டும் செங்கல்லும் தேய்த்த விரலில் ரேகை விழாது. கருவிழிக் கருவி இருக்கும் கடையில் அதைக் கேட்டு வாங்கவேண்டும். அட்டையில் அவர் பெயருக்கு ஆதார் இணைப்பு முடியாமல் இருந்தாலும் மிஷின் மறுத்துவிடும்.

திறமைக்குக் கூலி கிடைப்பதில் இன்னொரு விதமான இழப்பு. ஊரில் மிஸ்திரியாக, அதாவது கொத்தனாராக இருந்தவர் பாஷை தெரியாமல் இங்கே நிமிந்தாளாகவே (கொத்தனாருக்குக் கையாளாகவே) காலம் தள்ளுகிறார். கேட்டால் சொல்லத் தெரியாது, செய்யச் சொன்னால் தெரிந்துவிடும். ஒரு மூலைச்சுவரை நான்கு வரிசை கட்டச் சொல்லி, தூக்குக்குண்டும் ரசமட்டமும் கையில் கொடுத்தால் அரை மணி நேரத்தில் அவர் கொத்தனாரா இல்லையா என்று எந்த மேஸ்திரியும் சொல்லிவிடுவார். வெல்டருக்கும் தையல்காரருக்கும் இப்படியே. பாஷை விஷயத்தில் ஒன்று: வந்தவர் எல்லோருக்கும் இந்தி வரும் என்று எண்ணி இந்தியில் எச்சரிக்கைப் பலகை வைக்கிறார்கள். ஒடிசா, வங்காளம், அசாமிலிருந்து வருபவர் பலருக்கு இந்தி பேச வரும், படிக்க வராது. படமும் நிறமும்தான் உதவும். தமிழில் முதலில் கற்றுத் தரவேண்டியவை 'நிறுத்து', 'விலகு', 'கரண்ட்', 'மேலே பார்', 'வலிக்குது', 'பாக்கி எவ்வளவு'. வணக்கமும் நன்றியும் மெதுவாக வரட்டும்.

குடும்பத்தோடு வந்தவர்கள்தான் நிலைத்து நிற்கிறார்கள், ஆனால் மனைவியின் வேலை பற்றி யாரும் கேட்பதே இல்லை. வில்லாபுரம், அவனியாபுரம் பக்கம் ஒற்றை அறையில் குடியிருக்கும் பெண்ணுக்குப் பகல் முழுக்க வேலையில்லை. குழந்தையை விட்டுப் போக ஆளில்லை. மூன்று முதல் ஆறு வயது வரையான பிள்ளைக்கு அங்கன்வாடி திறந்தே இருக்கிறது, வெளிமாநிலம் என்று மறுக்கமுடியாது. மாலை ஷிப்ட் முடியும்வரை அது இருக்காது என்பதால் காலை பத்திலிருந்து மூன்று வரையான வேலைகளைத் தேடுவது நல்லது: ஓட்டலில் காய் நறுக்குதல், அப்பளம் அடுக்கிப் பொட்டலம் போடுதல், துணிக்கு நூல் பிசிறு வெட்டுதல். அப்பளமோ பூவோ வீட்டுக்கே கொண்டுவந்து கொடுத்தால் எண்ணிக்கைக் கூலியை முதலிலேயே எழுதி வாங்கச் சொல்லுங்கள். 50 பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் நிறுவனம் குழந்தைக் காப்பகம் வைக்கவேண்டும், தாய் ஒரு நாளில் நான்கு முறை போய்ப் பார்க்கலாம். இது சட்டம், கேட்பவர்கள் குறைவு.

பள்ளியில் மாற்றுச் சான்றிதழ் தாமதமாவதையோ பிறப்புச் சான்றிதழ் இல்லாததையோ காட்டிச் சேர்க்கையை மறுக்க, 2009ஆம் ஆண்டின் கட்டாயக் கல்விச் சட்டத்தில் வழியில்லை. வயதுக்கேற்ற வகுப்பில், வருஷத்தின் எந்த மாதத்திலும் சேர்க்கவேண்டும். 2022 செப்டம்பர் 15 அன்று மதுரையில்தான் முதலமைச்சரின் காலை உணவுத் திட்டம் தொடங்கியது. தொடக்கப்பள்ளிப் பிள்ளைக்குச் சாப்பாடு பள்ளியில் என்றால் காலை ஷிப்ட் போகும் தாய்க்கு அது பெரிய ஒத்தாசை. ஒரே சங்கடம், பத்து வயதுப் பெண்ணைத் தம்பியைப் பார்க்க வீட்டில் நிறுத்திவிடுவார்கள். அப்படி நின்றுபோன பிள்ளை இருந்தால் குழந்தைகள் உதவி எண் 1098க்குச் சொல்லலாம். அதற்கு முன் அந்தத் தம்பிக்கு அங்கன்வாடி இடம் வாங்கிக் கொடுத்துப் பாருங்கள், பெரும்பாலும் அக்கா தானாகப் பள்ளிக்குப் போய்விடுவாள்.

கூலி பாக்கி நின்றால் தொழிலாளர் துறை அலுவலகத்தில் மனுக் கொடுக்கலாம். 15100க்கு அழைத்தால் இலவசச் சட்ட உதவி. சான்றுதான் பல பேரிடம் இருக்காது. வருகை அட்டையின் இருபுறப் படம், கம்பெனி வாசலில் பெயர்ப்பலகையோடு எடுத்த படம், மேஸ்திரி வாட்ஸ்அப்பில் அனுப்பிய குரல்பதிவு, பணம் போட்டதாக வங்கியிலிருந்து வந்த குறுஞ்செய்தி. இந்த நான்கையும் போனில் மட்டும் வைக்காமல் ஊரில் இருக்கும் ஒருவருக்கும் மாதாமாதம் அனுப்பி வைக்கச் சொல்லுங்கள்.