காலத்துக்கு ஒரு கோபுரம் கட்டினால்

டோக்கியோவின் ஸ்கைட்ரீ கோபுரம் 634 மீட்டர் உயரம். டிக்கெட் வாங்கினால் லிஃப்டில் 450 மீட்டர் வரை போகலாம். கண்ணாடிச் சுவர், கீழே தீப்பெட்டி அடுக்கியதுபோல் வீடுகள், வானம் தெளிந்திருந்தால் தூரத்தில் ஃபுஜி மலை. அங்கே ஒரு நாள் முழுக்க நின்றால், கீழே டிக்கெட் கொடுத்தவரைவிட உங்களுக்கு 4.26 நானோ நொடி கூடுதலாகக் கழிந்திருக்கும். ஒரு நொடியை நூறு கோடித் துண்டாக நறுக்கி, அதில் நாலேகால் துண்டு. இது கடிகாரத்தையே மேலே ஏற்றி அளந்த எண்.

காலத்தைக் கட்டுப்படுத்தும் கோபுரம் என்றால் மந்திரவாதி கதைதான் நினைவுக்கு வரும். ஆனால் எல்லாக் கோபுரமும், ஊர்த் தண்ணீர்த் தொட்டியும்கூட, அந்த வேலையைக் கொஞ்சம் செய்துகொண்டேதான் இருக்கிறது. எவ்வளவு உயரம் கட்டினால் எவ்வளவு காலம் கிடைக்கும் என்பதுதான் விஷயம்.

காரணத்தை 1907இல் ஐன்ஸ்டைன் பிடித்தார். ஈர்ப்பே இல்லாத வெளியில் ஒரு ராக்கெட் மேல்நோக்கி வேகமெடுத்துக்கொண்டே போகிறது என்று வையுங்கள். அதன் தரையில் ஒருவர் நொடிக்கு ஒரு முறை டார்ச்சை மின்ன வைக்கிறார்; கூரையில் ஒருவர் எண்ணுகிறார். ஒளி மேலே போய்ச் சேர்வதற்குள் கூரை இன்னும் வேகம் பிடித்து விலகியிருக்கும். அடுத்த மின்னலும் இப்படியே துரத்திப் போய்த்தான் எட்ட வேண்டும். ஆகவே இரண்டு மின்னலுக்கு இடையே கூரைக்காரர் அளப்பது ஒரு நொடிக்குக் கொஞ்சம் அதிகம். கீழே இருப்பவரின் கடிகாரம் மந்தம் என்பார் அவர்.

சரி, ராக்கெட்டை விட்டுவிட்டு ஒரு கட்டடத்துக்கு வருவோம். ராக்கெட்டின் உந்தலையும் பூமியின் இழுவையையும் உள்ளே அடைபட்டவரால் பிரித்தறிய முடியாது என்பதுதான் ஐன்ஸ்டைனின் பிடி. அப்படியானால் கட்டடத்திலும் மின்னல்கள் தாமதித்தே வர வேண்டும். இங்கே கூரை எங்கும் ஓடவில்லை. எனவே கீழே காலமே மெதுவாக ஓடுகிறது என்று ஒத்துக்கொள்வதைத் தவிர வழியில்லை. ராக்கெட்டுக்குள் கல்லைக் கைவிட்டால் அது தரைப் பக்கம் போகும். கல் எந்தப் பக்கம் விழுகிறதோ அந்தப் பக்கம் காலம் மந்தம். இந்த ஒரு வரியைப் பிடித்துக்கொள்ளுங்கள்.

அளவுதான் அற்பம். ஒரு மீட்டர் ஏறினால் கடிகாரத்தின் வேகம் பத்தாயிரம் லட்சம் கோடியில் ஒரு பங்கு கூடும். பத்தாவது மாடியில் 80 வருஷம் குடியிருந்தவருக்கு, தரைத்தள வீட்டுக்காரரைவிட ஒரு நொடியில் லட்சத்தில் ஒரு பங்குகூட வயது கூடியிருக்காது. வாடகையை அதற்காகக் குறைக்கச் சொல்ல முடியாது.

இவ்வளவு சிறியதை ஒரு கட்டடத்துக்குள் முதலில் பிடித்தவர்கள் இயற்பியலாளர்கள் ராபர்ட் பவுண்டும் க்ளென் ரெப்காவும். ஹார்வர்டின் ஜெஃபர்சன் ஆய்வகத்தில் ஏற்கெனவே ஒரு கோபுரம் இருந்தது. அதில் அவர்களுக்குக் கிடைத்த உயரம் 22.5 மீட்டர். அவர்கள் கடிகாரமாக எடுத்துக்கொண்டது இரும்பு 57 என்ற ஒரு வகை இரும்பின் அணுக்கரு. அது வெளிவிடும் காமாக் கதிரின் அதிர்வெண் அசையாமல் நிற்கும். அதே அதிர்வெண்ணில் வந்தால்தான் இன்னொரு இரும்பு 57 அதை விழுங்கும். படிகத்துக்குள் இப்படி நடக்கும் என்பதை ஜெர்மன் இயற்பியலாளர் மோஸ்பவர் கண்டுபிடித்து அப்போது இரண்டு மூன்று வருஷம்தான் ஆகியிருந்தது. கீழிருந்து மேலே ஏறும் கதிர் மேலே இருக்கும் இரும்புக்குக் கொஞ்சம் சுருதி இறங்கித் தெரியும், விழுங்காது. அப்போது கதிரை வெளிவிடும் மூலத்தை மெல்ல மேல்நோக்கி நகர்த்தினால் சுருதி மறுபடி சேரும். அந்த வேகத்தைக் கேளுங்கள்: மணிக்கு மூன்று மில்லிமீட்டர்கூட இல்லை. மூலத்தை அசைக்க அவர்கள் பயன்படுத்தியது ஒலிபெருக்கியின் கூம்பு. நடுவில் காற்று கதிரைத் தின்றுவிடக் கூடாதென்று ஹீலியம் நிரப்பிய நீள பிளாஸ்டிக் பை.

அப்புறம்தான் தெரிந்தது, மேலும் கீழும் ஒரு டிகிரி வெப்ப வித்தியாசம் இருந்தாலே கணக்கு கெட்டுவிடும் என்பது. வெப்பத்தில் அணு துள்ளும். துள்ளும் அணுவின் காலமும், அந்த வேகத்தால், மந்தம். இதைக் கேம்பிரிட்ஜில் இருபது வயது மாணவர் பிரையன் ஜோசப்சனும் தனியாகக் கண்டு சொன்னார். பின்னாளில் வேறு ஒரு வேலைக்காக நோபல் பரிசு வாங்கியவர். இதையெல்லாம் சரிசெய்து 1960இல் வெளியான விடை, ஐன்ஸ்டைன் சொன்னதோடு பத்து சதவீதப் பிசகுக்குள் பொருந்தியது.

ஸ்கைட்ரீக்குப் போன கடிகாரம் வேறு ஜாதி. ஜப்பானிய இயற்பியலாளர் ஹிடெடோஷி கதோரியின் குழு செய்தது. லேசர் ஒளியாலேயே முட்டை அட்டைபோல் குழிகள் செய்து, குளிரவைத்த ஸ்ட்ரான்ஷியம் அணுக்களை அதில் உட்கார வைப்பார்கள். அந்த அணுவின் ஊசல் நொடிக்குச் சுமார் 429 லட்சம் கோடி முறை ஆடுகிறது. இப்படி இரண்டு கடிகாரங்கள், ஒன்று தரையில், ஒன்று 450 மீட்டரில், நடுவில் ஒளியிழை. முன்பு ராக்கெட்டில் பத்தாயிரம் கிலோமீட்டர் உயர்த்திச் செய்த சோதனையின் துல்லியத்தை 2020இல் ஒரு சுற்றுலாக் கோபுரத்திலேயே எட்டிவிட்டார்கள். இந்தக் கடிகாரங்களுக்கு ஐந்து சென்டிமீட்டர் ஏற்ற இறக்கமே தெரிந்துவிடும். எரிமலைப் பகுதியில் தரை உப்புவதைக் கண்காணிக்கலாம் என்ற யோசனை அதிலிருந்து வந்ததுதான்.

இனி ஆசையை அவிழ்த்துவிடுவோம். ஈஃபில் கோபுரம் தந்த உந்துதலில் 1895இல் ரஷ்யாவின் விண்வெளிப் பயண முன்னோடி சியால்கோவ்ஸ்கி சுமார் 36,000 கிலோமீட்டர் உயரத்துக்கு ஒரு கோபுரத்தைக் கற்பனை செய்தார். அதைத் தாங்கும் பொருள் இன்றும் நம் கையில் இல்லை. பூமத்திய ரேகையில் அதைக் கட்டி முடித்ததாகவே வைத்துக்கொண்டு கணக்குப் போட்டால், உச்சியில் கிடைப்பது வருஷத்துக்கு 17 மில்லி நொடி. அறுபது வருஷம் மேலேயே கிடந்தால் ஒரு நொடி சேரும்.

இன்னும் உயரமாகக் கட்டினால் கூடுமா? குறையும். கோபுரம் பூமியோடு சேர்ந்து சுழல்கிறது. உயரம் கூடக்கூட உச்சியின் வேகம் கூடும், வேகம் காலத்தை மந்தமாக்கும். 36,000 கிலோமீட்டர் வரை ஈர்ப்பு தளர்வதன் ஆதாயம் ஜெயிக்கிறது. அதற்கு மேல் வேகத்தின் நஷ்டம் ஜெயிக்கிறது. பூமியின் மையத்திலிருந்து ஏறக்குறைய 1,50,000 கிலோமீட்டரில் கடிகாரம் மறுபடி தரைக் கடிகாரத்தோடு ஒத்துப்போகும். அதையும் தாண்டினால் தரையைவிட மெதுவாக ஓடும்.

கல் விழும் பக்கம் காலம் மந்தம் என்ற அந்த ஒரு வரி இங்கே உடைந்துவிட்டதா? சியால்கோவ்ஸ்கியின் உச்சியில் ஒரு கல்லைக் கைவிட்டுப் பாருங்கள், அது விழாமல் அப்படியே மிதக்கும். அதற்கு மேலே உள்ள மாடி ஒன்றில் கைவிட்டால் கல் கூரையை நோக்கி விழும். அங்கே குடியிருப்பவர் கூரையைத்தான் தரையாக்கிக்கொண்டு, தலைக்கு மேலே பூமி தொங்க, நடமாடுவார்.