செக்ரோல் மேசைக்கு வரட்டும், பிறகு சாட்சி சொல்லலாம்

கம்பத்திலிருந்தும் போடியிலிருந்தும் விடியுமுன் ஜீப் ஏறி இடுக்கியின் ஏலத்தோட்டங்களுக்குப் போகிற பெண்கள் சம்பளப் பாக்கி கேட்டு மனுப் போட்டால், முதல் வாய்தாவிலேயே ஒரு கேள்வி வரும்: "இத்தனை நாள் வேலை பார்த்ததற்கு ஆதாரம் எங்கே அம்மா?" ஆதாரம் முதலாளியின் அலமாரியில் பூட்டிக் கிடக்கிறது. பதில் சொல்லத் தெரியாமல் நின்றவர்களை நிறையப் பார்த்துவிட்டேன். அதனால்தான் இதை எழுதுகிறேன்.

2019ஆம் ஆண்டின் ஊதியச் சட்டத் தொகுப்பு 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்துள்ளது. அதன் 59ஆவது பிரிவின்படி, சம்பளத்தைக் கொடுத்துவிட்டதாக நிரூபிக்க வேண்டியவர் முதலாளி. மனுவை விசாரிக்கும் அதிகாரிக்கு ஆவணங்களை வரவழைக்க சிவில் நீதிமன்றத்துக்குள்ள அதிகாரம் 45ஆவது பிரிவில் உண்டு. ஆனால் நீங்கள் கேட்காமல் அவர் அதைப் பயன்படுத்துவார் என்று நம்பியிருக்க வேண்டாம்.

முதல் வாய்தா அன்றே தனி மனு கொடுங்கள். "எல்லா ஆவணங்களும் வேண்டும்" என்று எழுதினால், தேவையற்ற தொல்லை என்று எதிர்த்தரப்பு வக்கீல் தட்டிவிடுவார். எந்த மாதம் முதல் எந்த மாதம் வரை, எந்தத் தோட்டம் என்று குறிப்பிட்டு, யார் எந்த நாள் வேலைக்கு வந்தார் என்று எழுதும் வருகைப் பதிவேடான செக்ரோல், சம்பளப் பதிவேடு, பிடித்தக் கணக்கு ஆகியவற்றைக் கேளுங்கள். மனுவின் நகலில் முத்திரை வாங்காமல் வெளியே வராதீர்கள்.

சாக்குகள் அதற்குப் பிறகு தொடங்கும். பதிவேடு ஆடிட்டரிடம் இருக்கிறது என்பார்கள். அடுத்த வாய்தாவில் கணக்குப்பிள்ளை விடுப்பில் இருப்பார். 2018 வெள்ளத்தில் எல்லாம் போய்விட்டது என்றுகூட ஒரு தோட்டத்துக்காரர் சொல்லக் கேட்டேன். பாக்கியோ போன ஆண்டுச் சம்பளம். ஒவ்வொரு ஒத்திவைப்புக்கும் ஒரு நாள் கூலியும் வண்டிச் செலவும் தொழிலாளிக்குத்தான் நட்டம். ஆகவே "ஆவணம் கேட்டோம், கொண்டுவரவில்லை" என்பதை அன்றைய நடவடிக்கைக் குறிப்பில் எழுதச் சொல்லுங்கள். கையிலிருக்கும் ஆவணத்தை ஒருவர் மறைத்தால், அது அவருக்குப் பாதகமானது என்று அதிகாரி கருதலாம். குறிப்பில் பதிவாகாத மறுப்பு பின்னால் உதவாது.

"இவர்கள் எங்கள் ஆட்கள் இல்லை, ஜீப்பில் ஆள் ஏற்றிவந்த ஒப்பந்தக்காரரைக் கேளுங்கள்" என்பது இன்னொரு தப்பிக்கும் வழி. ஒப்பந்தக்காரர் கொடுக்காவிட்டால் தோட்ட உரிமையாளரே பொறுப்பு என்கிறது 43ஆவது பிரிவு. மனுவில் இருவரையும் எதிர்த்தரப்பாகச் சேர்த்து, இருவரிடமும் ஆவணம் கேளுங்கள். விவசாய வேலைக்கு ஐந்து பேருக்கு மேல் வைத்துக்கொள்ளாதவருக்குப் பதிவேடு வைப்பதிலிருந்து விலக்கு உண்டு. ஒரு ஜீப் நிறைய ஆள் இறக்குபவரும் இதையே சொல்வார். ஐந்து பேருக்கு மேல் இருந்தீர்கள் என்று காட்ட, உங்களோடு வேலை பார்த்தவர்களின் பெயர்களை இப்போதே எழுதிவையுங்கள்.

அலுவலக அலைச்சல் தனிக் கொடுமை. வேலை நடந்தது கேரளத்தில் என்பதால், தேனியில் கொடுக்கும் மனு திரும்பிவரும். நேரே இடுக்கி மாவட்டத் தொழிலாளர் துறைக்கே போங்கள். அங்கே "ஆறு மாதம் தாண்டிவிட்டது" என்று யாராவது சொன்னால் திரும்பி வந்துவிடாதீர்கள். அது பழைய குறைந்தபட்சக் கூலிச் சட்டத்தின் கெடு. புதிய சட்டத்தில் மூன்று ஆண்டுகள். வாய்மொழியாகத் திருப்பி அனுப்பினால், மறுப்பை எழுத்தில் கேளுங்கள்.

செக்ரோல் வந்த பிறகும் ஒரு பள்ளம் இருக்கிறது. பெயர் மலையாளத்தில், அழைக்கும் பெயராக எழுதப்பட்டிருக்கும். ஆதாரில் "முத்துமாரியம்மாள்", பதிவேட்டில் வெறும் "மாரி" என்றால் அது வேறு ஆள் என்று வாதாடுவார்கள். இரண்டும் ஒருவரே என்பதை மனுவிலேயே எழுதிவிடுங்கள். மலையாளம் படிக்கத் தெரிந்த ஒருவரை உடன் அழைத்துச் சென்று, பக்கம் பக்கமாகப் பார்த்து, நகல் கேளுங்கள்.

எதிர்த்தரப்பும் உங்கள் வங்கிப் புத்தகத்தைக் கேட்கும். வாங்கிய முன்பணத்தை மறைக்காதீர்கள். ஒரு வரவு மறைத்தது தெரிந்தால் மற்றக் கணக்கையும் சந்தேகிப்பார்கள். சமரசம் பேசும்போது வெற்றுத்தாளை நீட்டினால் கைநாட்டோ கையெழுத்தோ வைக்க வேண்டாம். இன்று வேலையில் இருப்பவர்கள், கணக்குப்பிள்ளை பெயர் எழுதும் நாளெல்லாம் தேதியையும் வேலையையும் தங்கள் நோட்டில் குறித்துவையுங்கள்.