வில்டர்னஸ்னா கன்னிக்காடு இல்லைங்க

இயற்கை பத்தின டப்பிங் நிகழ்ச்சி எதைப் போட்டாலும் வில்டர்னஸ்ங்கிற இங்கிலீஷ் சொல் வர்ற இடத்துல "கன்னிக்காடு"ன்னு ஒரு குரல் வந்துடுது, இப்ப அமெரிக்கால நியூ மெக்சிகோ மாநிலத்துல இருக்கிற கிலாங்கிற மலைக்காட்டுக்கும் அதே பேரு வெச்சுட்டாங்க, அதான் எழுதறேன்.

வேர்ச்சொல்னு பாத்தா பழைய இங்கிலீஷ்ல வைல்ட் கூட விலங்குங்கிற சொல் சேந்து வந்தது. காட்டு விலங்கு திரியற இடம், அவ்ளோதான்.

கன்னிக்காடுன்னா மனுஷன் கை படாத காடுன்னுதானே அர்த்தம்? கிலால படாத கையா! 1200கள் கடைசில மொகொயோன்ங்கிற பழங்குடி மக்கள் குகைக்குள்ள கல்லு அடுக்கிக் கட்டின வீட்டுச் சுவரு இன்னும் நிக்குது. அப்புறம் அப்பாச்சி பழங்குடி மக்கள், அவங்க போர்த்தலைவர் ஜெரோனிமோ பிறந்ததே கிலா ஆத்துப் பக்கம்னு சொல்லுவாங்க. அப்பாச்சி மக்களைப் பட்டாளத்தை விட்டுத் துரத்திட்டு அந்த இடத்தைப் போய் கன்னின்னா எப்படிங்க? மாடு மேய்ச்சலும் அங்க ரொம்ப காலமா உண்டு.

"வனப்பகுதி"ன்னு எழுதறது அதைவிட மோசம். கிலா தேசிய வனத்துக்குள்ள கிலா வனப்பகுதின்னு எழுதினா படிக்கிறவனுக்கு என்ன புரியும்? தேசிய வனத்துல மரம் வெட்டலாம், ரோடு போடலாம். அதுக்குள்ளயே ஒரு பெரிய துண்டுல ரோடே கூடாதுன்னு வனத்துறைல வேலை பாத்த ஆல்டோ லியோபோல்ட் மல்லுக்கு நின்னு 1924ல ஒதுக்க வெச்சாரு, அமெரிக்கால இப்படி ஒதுக்கின முதல் இடம் அதுதான். இப்ப சுமார் 5.6 லட்சம் ஏக்கர். கார், பைக் கிடையாது, சைக்கிள் கூட கிடையாது, நடக்கணும் இல்ல குதிரை ஏறணும்.

வனாந்தரம்னு சொல்ற கோஷ்டியும் இருக்கு. பைபிள் தமிழ்ல சீனாய்க்குப் புழங்கின சொல்லு அது, கேட்டாலே மணல்தான் கண்ணு முன்னாடி வருது. 10,000 அடிக்கு மேல போற மலையும் பாண்டெரோசா பைன் மரமும் அதுல எங்க வரும்?

அமெரிக்காவோட 1964 வில்டர்னஸ் சட்டத்தைப் படிச்சிருந்தாலே போதும். அதுல முக்கியமான சொல் அன்டிராமல்டு, அதாவது டிராமல் இல்லாதது. டிராமல்னா வலை, குதிரைக் காலைப் பிணைக்கிற கட்டு. நம்ம "தளை" அதேதான். அதனால என் ஓட்டு "தளையிலாக் காடு"க்குத்தான். மனுஷன் வந்துட்டுப் போகலாம், கட்டிப்போடக் கூடாது. மின்னல்ல பிடிச்ச தீயைக் கூட 1970கள்ல இருந்து நிலைமை பாத்து எரிய விடறாங்க கிலால. அந்தத் தீயைக் காட்டும்போதும் பின்னாடி அதே குரல், "கன்னிக்காடு அழிகிறது"ன்னு!