காதடைப்பான் வழக்கு முடிந்தது, வி.ஏ. கதவு மூடவில்லை

காதடைப்பான் செய்த த்ரீஎம் கம்பெனி மீதான வழக்குதான் முடிந்துவிட்டதே, இனி எங்கே போய்க் கேட்பது என்று சொல்லும் முன்னாள் படைவீரர்களை இன்றும் பார்க்கிறேன். அமெரிக்காவில் ராணுவ முகாம் ஒன்றை ஒட்டிய ஊரில் ஆடியாலஜிஸ்டாக, அதாவது கேள்திறன் நிபுணராக இருக்கிறேன். அந்தக் கம்பெனி தரும் பணம் வேறு. படைவீரர் நலத்துறை, அதாவது வி.ஏ., மாதாமாதம் தரும் இழப்பீடு வேறு. முதலாவதைத் தவறவிட்டவர்கள் இரண்டாவதையும் கேட்காமல் விட்டுவிடுகிறார்கள்.

வழக்குக்குக் காரணமான பொருள் 'காம்பாட் ஆர்ம்ஸ்' காதடைப்பானின் இரண்டாம் பதிப்பு. 2003 முதல் 2015 வரை ராணுவத்துக்கு விற்றார்கள். ஒரு முனை மஞ்சள், மறுமுனை கரும்பச்சை. பச்சை முனையைச் செருகினால் எல்லாச் சத்தமும் குறையும். மஞ்சள் முனையில் பேச்சு கேட்கும், வெடிச்சத்தம் மட்டும் தணியும். ரோந்து போகிறவருக்கு இதைவிட வேறென்ன வேண்டும்? ஆனால் நடுத்தண்டு குட்டை. சிலர் காதில் அது போதிய ஆழத்துக்குப் போகாது. வெளியே நிற்கும் முனையின் விளிம்பு காதுத் துளையின் வாயில் முட்டி மடங்கும்; மீண்டும் நிமிரும்போது அடைப்பானைக் கொஞ்சம் வெளியே இழுத்துவிடும். மயிரிழை இடைவெளிதான், போட்டிருப்பவருக்குத் தெரியாது. எம்16 துப்பாக்கியால் சுடும்போது சுடுபவர் காதருகே சத்தம் 150 டெசிபெலைத் தாண்டும். அதற்கு அந்த மயிரிழை போதும். உட்செவியில் ஒலியை உணரும் மயிரணுக்கள் அழிந்தால் மறுபடி முளைப்பதில்லை.

இதை வடிவமைத்தது ஏரோ என்ற நிறுவனம். 2008-இல் அதை த்ரீஎம் வாங்கியது. தண்டு குட்டை, அடைப்பான் தளரும் என்று தெரிந்தும் ராணுவத்திடம் சொல்லவில்லை என்பது அமெரிக்க அரசு வைத்த குற்றச்சாட்டு. பொறுப்பை ஒப்புக்கொள்ளாமலே 2018-இல் த்ரீஎம் 91 லட்சம் டாலர் கட்டி அதை முடித்துக்கொண்டது. அந்தப் பணம் அரசுக்குப் போனது, காது போனவர்களுக்கு அல்ல. அதற்குப் பிறகுதான் வீரர்களின் வழக்குகள் ஃபுளோரிடாவின் பென்சகோலா நீதிமன்றத்தில் குவிந்தன. முன்னோட்டமாக நடந்த 16 விசாரணைகளில் 10-இல் தீர்ப்பு வீரர்கள் பக்கம், 6-இல் கம்பெனி பக்கம். 2022-இல் ஏரோ திவால் மனு போட்டுப் பார்த்தது, அது தள்ளுபடியானது. 2023 ஆகஸ்டில் சுமார் 600 கோடி டாலருக்குச் சமரசம் வந்தது. அது ஏற்கெனவே உரிமை கோரியிருந்தவர்களுக்கானது. இப்போது யாராவது போன் செய்து உங்களையும் அதில் சேர்த்துவிடுகிறேன் என்றால், போனை வைத்துவிடுங்கள்.

வி.ஏ.-வில் யார் குற்றம் என்று நிரூபிக்க வேண்டியதில்லை. இப்போது குறை இருக்கிறது, பணியில் பெருஞ்சத்தம் இருந்தது, இரண்டுக்கும் தொடர்பு உண்டு. இந்த மூன்றும் இருந்தால் போதும். பணியை விட்ட நாளில் ஆடியோகிராம் (கேள்திறன் சோதனை வரைபடம்) சரியாக இருந்ததே என்று பலர் பின்வாங்குகிறார்கள். அது மட்டுமே கோரிக்கையை நிராகரிக்கப் போதாது என்று 1993-லேயே ஹென்ஸ்லி என்ற முன்னாள் வீரரின் வழக்கில் தீர்ப்பாகிவிட்டது. ஆனாலும் சேரும்போது எடுத்த ஆடியோகிராமையும் விலகும்போது எடுத்ததையும் தேடி வாங்கி வையுங்கள். இரண்டுமே 'நார்மல்' என்றிருந்தாலும், 4000 ஹெர்ட்ஸ் என்ற உயர் சுருதியில் கோடு எத்தனை டெசிபெல் இறங்கியிருக்கிறது என்றுதான் நான் முதலில் பார்ப்பேன்.

என்னிடம் வருபவர்கள் காது கேட்கவில்லை என்று சொல்வது அபூர்வம். கேட்கிறது, என்ன சொல்கிறார்கள் என்றுதான் புரியவில்லை என்பார்கள். ஹோட்டல் இரைச்சலில் பேச்சு பிடிபடாது, பேரக்குழந்தையின் மெல்லிய குரல் தப்பிப்போகும். கூடவே ராத்திரியில் 'ஙீ' என்று விடாத காதிரைச்சல். இந்த இரைச்சல் எந்த ஆடியோகிராமிலும் தெரியாது; நோயாளி சொல்வதுதான் சான்று. அதனால் எப்போது தொடங்கியது, தூக்கத்தை எப்படிக் கெடுக்கிறது என்று மறக்காமல் சொல்ல வேண்டும். அன்று கூடப் பணியாற்றியவரோ மனைவியோ எழுதித் தரும் வாக்குமூலமும் செல்லும். காதிரைச்சலுக்கு ஒரு காதானாலும் இரண்டானாலும் வி.ஏ. தரும் குறைபாட்டு மதிப்பீடு 10 சதவீதம். கேள்திறன் குறைவுக்குப் பெரும்பாலும் பூச்சியம் சதவீதம் என்றே வருகிறது, வி.ஏ.-வின் மதிப்பீட்டு அட்டவணை அவ்வளவு கஞ்சத்தனமானது. பூச்சியம் என்றாலும் பணியால் வந்த குறை என்று பதிவாகிவிடும். பின்னாளில் கூடினால் உயர்த்திக் கேட்கலாம்.

வி.ஏ.-வுக்கான கேள்திறன் பரிசோதனைக்குக் காது மெஷின் இல்லாமல்தான் உட்கார வேண்டும். முந்தின நாள் துப்பாக்கிப் பயிற்சி, கச்சேரி எதுவும் வேண்டாம். கேட்காததுபோல் நடித்தால் எங்களுக்குத் தெரிந்துவிடும், அதற்கென்றே சோதனைகள் உண்டு. உண்மையாகவே குறை உள்ளவர்கள்கூட கொஞ்சம் கூட்டிக் காட்டப்போய்க் கெடுத்துக்கொள்கிறார்கள்.

வெளிநாட்டவரைப் படையில் சேர்த்த மாவ்னி திட்டத்தில் தமிழ் தெரிந்தவர்களையும் அமெரிக்க ராணுவம் எடுத்தது. அப்படிச் சேர்ந்த உறவினர், நண்பர் இருந்தால் இதைச் சொல்லுங்கள். முதல் விண்ணப்பத்தைத் தயாரித்துத் தர யாரும் கட்டணம் வாங்கக் கூடாது. அங்கீகாரம் பெற்ற படைவீரர் சங்கங்கள் இலவசமாகவே செய்து தருகின்றன. காகிதங்கள் சேர நாளாகும் என்றால், கோரப்போவதாக முன்கூட்டியே வி.ஏ.-வுக்குத் தெரிவிக்க ஒரு படிவம் இருக்கிறது. அதைக் கொடுத்த நாளிலிருந்து முழு விண்ணப்பத்துக்கு ஓராண்டு அவகாசம். கோரிக்கை ஏற்கப்பட்டால் பணமும் பொதுவாக அந்த நாளிலிருந்தே கணக்காகும்.