மிட்டன்: குப்பைமேடா, சிப்பிமேடா?

ஐரோப்பியர் வருகைக்கு முன் அமெரிக்கக் கண்டங்களில் வாழ்ந்த மக்களைப் பற்றிய அகழாய்வு அறிக்கைகளில் 'மிட்டன்' (midden) என்ற சொல் அடிக்கடி வரும். மக்கள் நெடுங்காலம் தங்கிய இடத்தில் சாம்பல், எலும்பு, உடைந்த கருவி, தின்று போட்ட ஓடு எல்லாம் சேர்ந்து உயர்ந்த மேடு என்பது அதன் பொருள். கடலோரங்களில் பெரும்பங்கு சிப்பி ஓடாக இருந்தால் அது 'ஷெல் மிட்டன்'. இவற்றைத் தமிழில் எப்படிச் சொல்வது?

சொல் வட ஐரோப்பாவைச் சேர்ந்தது. சாணத்தையும் குவியலையும் குறிக்கும் இரண்டு பழைய நார்ஸ் சொற்கள் இணைந்து எருக்குவியலுக்குப் பெயராயின. 1848இல் டென்மார்க்கில் கடலோரச் சிப்பிக் குவியல்களை ஆராய விலங்கியலாளர் ஸ்டீன்ஸ்ட்ரப், புவியியலாளர் ஃபோர்க்ஹம்மர், தொல்லியலாளர் வோர்சோ ஆகிய மூவர் குழு அமைந்தது. அலை ஒதுக்கிய குவியலா, மனிதர் விட்டதா என்பதே கேள்வி. உள்ளே கரியும் கல்கருவியும் உடைத்த எலும்பும் கிடைத்தன. சாப்பாட்டு மிச்சம்தான் என்று உறுதியானபின், 'சமையலறைக் குப்பை' என்று பொருள்படும் டேனிஷ் பெயர் நிலைத்தது. ஆங்கிலத்தில் அது 'கிச்சன் மிட்டன்' ஆகி, பிறகு மிட்டன் என்று சுருங்கியது.

இந்தப் பெயரைச் சுமந்துகொண்டு கலிபோர்னியா போனால்தான் சிக்கல். சான்பிரான்சிஸ்கோ விரிகுடாவைச் சுற்றித் தொல்லியலாளர் நெல்ஸ் நெல்சன் 1906 முதல் 1908 வரை நடந்து திரிந்து சுமார் 425 சிப்பிமேடுகளைக் குறித்தார். அவற்றுள் புகழ்பெற்றது எமரிவில் மேடு. அப்பகுதியின் பூர்வகுடிகளான ஓலோனி மக்களின் முன்னோர் ஏறத்தாழ 2,800 ஆண்டுகளுக்கு முன் அங்கே வாழத் தொடங்கினர். 1902இல் ஊலே என்ற ஜெர்மானியத் தொல்லியலாளர் அதை வெட்டிப் பார்த்துப் பத்து அடுக்குகளைப் பிரித்தறிந்தார். அடியிலிருந்து மேலே வரவர கருவிகளும் வழக்கங்களும் மாறியதை அவர் கண்டார். அன்று கலிபோர்னிய மானிடவியலில் செல்வாக்குப் பெற்றிருந்த குரோபர் இதை ஏற்கவில்லை. ஆயிரமாயிரம் ஆண்டுகள் ஒரு மாற்றமும் இல்லாமல் ஒரு சமூகம் கிடந்தது என்று நினைப்பது அந்தக் காலத்து அறிஞர்களுக்கு எளிதாக இருந்தது. பிற்கால ஆய்வுகள் ஊலே பக்கம்தான் நின்றன.

சிப்பி ஓட்டின் சுண்ணாம்புச் சத்து மண்ணின் அமிலத்தை முறிக்கும். வேறு மண்ணில் கரைந்து போயிருக்கும் மீன்முள்ளும் பறவை எலும்பும் இங்கே அப்படியே கிடைப்பது அதனால்தான். மனித எலும்புகளும் கிடைத்தன. எமரிவில்லில் 700க்கும் மேற்பட்டோர் அடக்கம் செய்யப்பட்டிருந்தார்கள். வீடும் அடுப்பும் இடுகாடும் ஒன்றாயிருந்த ஊர் அது. அதன் உச்சியில் 19ஆம் நூற்றாண்டில் நடன மண்டபம் கட்டினார்கள். 1924இல் மேட்டையே இடித்துச் சமன் செய்தார்கள். இன்று அங்கே வணிக வளாகம் இருக்கிறது. இவ்வளவும் கூசாமல் நடந்ததற்கு நிலத்தாசையே முதற்காரணம். ஆனாலும் 'குப்பை' என்ற பெயர் அந்த வேலையை இன்னும் இலகுவாக்கியது என்றே நான் நினைக்கிறேன். பக்கத்து பெர்க்லி நகரில், இதைவிடப் பழைய மேடு இருந்த நிலத்தின் ஒரு பகுதி 2024இல் ஓலோனிப் பெண்கள் தலைமையிலான நில அறக்கட்டளையிடம் திரும்பி வந்தது. நெடுநாள் போராட்டத்தின் பலன்.

பிரேசில் கடற்கரையில் இதே வகை மேட்டுக்குச் 'சம்பாக்கி' என்று பெயர். அங்குள்ள பூர்வகுடிகளின் தூப்பி மொழியில் சிப்பிக் குவியல் என்றே பொருள். இகழ்ச்சி துளியும் இல்லை. சாந்தா கத்தரீனா மாநிலத்தில் சில 30 மீட்டர் வரை உயர்ந்தவை. அவற்றிலும் அடக்கங்கள் ஏராளம். குடியேறிய போர்த்துக்கீசியர் அந்த ஓடுகளைச் சுட்டுச் சுண்ணாம்பாக்கிக் கட்டடம் எழுப்பினார்கள்.

தமிழில் என்ன சொல்லலாம்? 'குப்பைமேடு' என்பது முதலில் வாயில் வரும். பழந்தமிழில் குப்பை என்றால் குவியல் என்றும் பொருள் உண்டு: 'உவர்விளை உப்பின் குன்றுபோல் குப்பை' என்று நற்றிணை 138 பாடும்போது அங்கே விற்பனைக்கான உப்புதான் குவிந்திருக்கிறது. குறுந்தொகை 305இல் வரும் 'குப்பைக் கோழி'யோ இன்றைய பொருளுக்கு நெருங்கியது. அந்தப் பழைய பொருளை மீட்டுக் கொண்டுவரலாம் என்று சிலருக்குத் தோன்றலாம். எனக்கு உடன்பாடில்லை. இன்று இந்தச் சொல்லைப் படிப்பவர் மனத்தில் மாநகராட்சி லாரிதான் வந்து நிற்கும். அடக்கம் செய்யப்பட்ட மனிதர்கள் வரமாட்டார்கள்.

ஆகவே ஷெல் மிட்டனுக்குச் 'சிப்பிமேடு' என்பதே தகும். எதனால் ஆனது, எப்படி நிற்கிறது என்று மட்டும் சொல்கிறது. எதற்காக எழுந்தது என்ற கேள்வியை ஆய்வுக்கு விட்டுவிடுகிறது. 'கிளிஞ்சல்மேடு' என்றாலும் பிழையில்லை. ஓடு மிகுதியில்லாத, வீட்டுக் கழிவு மட்டும் சேர்ந்த மிட்டனைக் 'கழிவுக்குவை' எனலாம். சம்பாக்கியை அந்தப் பெயராலேயே எழுத வேண்டும். ஜார்ஜியா மாநிலத்தின் சபேலோ தீவில் 4,000 ஆண்டுகளுக்கு முன் நடுவே வெற்றிடம் விட்டு வட்டமாக எழுந்த சிப்பிக் குவியல்கள் இருக்கின்றன. அவற்றுக்குச் 'சிப்பி வளையம்' பொருந்தும்.